மீன்தொட்டிச் சீனிவாசகம்

சட்டைப் பையில் இருந்த பேனா ஜன்னல் விளிம்புக்குப் போயிற்று. கைக்கடிகாரம், மடித்துக் கட்டிய சாரத்துக்குள் இருக்கும் டவுசர் பைக்குப் போயிற்று. மூக்குக் கண்ணாடியும் அதே பைக்குத்தான். இனிமேல் ஐயாவுக்குப் பாதிப் பார்வை. பாசி நிறத் துண்டை எடுத்து முக்காடு போட்டுக்கொண்டு, முதுகை வளைத்து, சுவரோரமாக நகர்ந்து நகர்ந்து என் வீட்டு மீன்தொட்டியை நெருங்குகிறார் சீனிவாசகம். கோழி திருட வந்தவன்கூட இவ்வளவு பதுங்கமாட்டான். தொட்டிக்குள் இருப்பது என் மனைவி ஆசைப்பட்டு வாங்கிய இரண்டு தங்கமீன்கள். அவை பாட்டுக்கு வாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருக்கின்றன.

"மனுசன் மாதிரி நேரா வந்து நின்னா என்னவாம்?" என்று என் மனைவி ஒருநாள் கேட்டுவிட்டாள்.

"தாயி, மீனுக்கு நீங்க ஒரு மலை. மலை நடந்து வந்து உங்க வாசல்ல நின்னா, வாங்கன்னு சொல்லுவீகளா, விழுந்தடிச்சு ஓடுவீகளா?"

அவர் மனிதகுலம் முழுவதையும்தான் சொன்னார். என் மனைவி தன்னை மட்டும் சொன்னதாக எடுத்துக்கொண்டாள். அன்றைக்கு அவருக்குக் கிடைத்த காப்பியில் சர்க்கரை இல்லை.

திருத்தங்கலில் இருந்து விருதுநகர் வரைக்கும் மீன்தொட்டி வைத்திருக்கும் வீடு, கடை, ஆபீஸ் எல்லாவற்றுக்கும் இவருடைய டி.வி.எஸ். ஃபிப்டி போகும். முன்னால் ஒரு மூடி போட்ட வாளி, பின்னால் சுருட்டிக் கட்டிய ரப்பர் குழாய், ஹேண்டில்பாரில் வலை. குழாயின் ஒரு முனையைத் தொட்டிக்குள் விட்டு மறுமுனையை வாயில் வைத்து ஓர் உறிஞ்சு உறிஞ்சுவார். அழுக்குத் தண்ணீர் இறங்க ஆரம்பித்துவிடும். ஒரு மடக்கு எப்படியும் உள்ளே போகத்தான் செய்யும். "கண்ணைக் கட்டிட்டு வாயில ஊத்துங்க, எந்தக் கம்பெனித் தொட்டித் தண்ணின்னு சொல்லிப்புடுறேன்" என்பது அவருடைய பெருமைகளில் ஒன்று. இதுவரை யாரும் ஊற்றிப் பார்க்கவில்லை.

ஆரம்பத்தில் விருதுநகர் பங்குனிப் பொங்கல் பொருட்காட்சியில் பாலிதீன் பைக்குள் கலர் மீன் விற்றுக்கொண்டிருந்தவர்தான். மீதி நாளெல்லாம் அச்சாபீசில் பேப்பர் அடுக்கினார். இரண்டாயிரம் பிறந்து நாலைந்து வருஷத்தில் எங்கள் வட்டாரத்துக்கு வாஸ்து மீன் வந்தது. சீனிவாசகத்துக்கு வாழ்வு வந்தது. எந்த முதலாளி அறைக்குள் நுழைந்தாலும் சாமி படத்துக்குக் கீழே ஒரு தொட்டி, தொட்டிக்குள் தனியாக ஒரு பிளவர்ஹார்ன் மீன், அந்த மீனின் நெற்றியில் எலுமிச்சம்பழப் பருமனுக்கு ஒரு வீக்கம். வீக்கம் வளர வளர வியாபாரம் வளருமாம். எங்கள் வீட்டில் யாருக்காவது நெற்றி அப்படி வீங்கியிருந்தால் மதுரைப் பெரியாஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடியிருப்போம். வருஷம் பூராவும் மழை வந்துவிடக்கூடாதே என்று வேண்டிக்கொள்கிற பட்டாசுக்காரர்கள், அறைக்குள்ளேயே தண்ணீரைக் கொண்டுவந்து வைத்துக் கும்பிட்டார்கள்.

இதைச் சொல்லிச் சிரிக்க எனக்கு யோக்கியதை கிடையாது. நான் சிவகாசியில் தினசரிக் காலண்டர் அச்சடிக்கும் இடத்தில் வேலை பார்க்கிறேன். தாளின் அடியில் மேஷம் வரவு, ரிஷபம் கவலை, மிதுனம் பரிசு என்று பன்னிரண்டு ராசிக்கும் பன்னிரண்டு சொல் இருக்குமே, அவற்றை வரிசை மாற்றி வரிசை மாற்றிப் போடுகிறவன் நான்தான். ரிஷபக்காரர்கள் கவலைப்பட்டால் அதில் எனக்கும் பங்கு உண்டு. ஆகையால் சீனிவாசகமும் நானும் ஏறக்குறைய ஒரே தொழில்காரர்கள், அவருக்கு மட்டும் கை நனையும்.

ஆனால் சும்மா சொல்லக்கூடாது, மீனுக்கு நாம் எப்படித் தெரிகிறோம் என்பதை அவர் சொல்லிக் கேட்க வேண்டும். அந்த ஞானம் அவருக்குக் கிணற்றுக்குள் வந்தது. வாலிப வயதில் தோட்டத்துக் கிணறுகளில் பந்தயம் கட்டிக்கொண்டு, கருங்கல்லைக் கட்டிப்பிடித்தபடி அடிக்குப் போய் மல்லாந்து கிடப்பாராம். தம் தீரும்வரை மேலேயே பார்த்துக்கொண்டிருப்பாராம்.

"மேல பூரா வானம் தெரியும்னுதான நெனைக்கீக? கெடயவே கெடயாது. சோத்துத் தட்டு மாதிரி ஒரு வட்டம். அம்புட்டுத்தான். வானம், கெணத்து மேடு, பம்புசெட்டு ரூமு, கரையில நிக்கிற பயலுக எல்லாம் அந்தத் தட்டுக்குள்ளதான். ஓரத்துல இருக்கது எல்லாம் சுருங்கிப்போயி, பஸ்ஸுல படியில தொங்குற ஆளுக மாதிரி வெளிம்புல நெருக்கியடிச்சுக்கிட்டு நிக்கும். தட்டுக்கு அங்கிட்டுப் பாத்தா வெறும் ரசம் பூசின கண்ணாடி. கெணத்து அடித்தரையே தலைகீளாத் தெரியும். மீனுக்கு இதான் உலகம். நிமிந்து வந்தா தட்டுக்குள்ள பெருசா வந்துருவோம். குனிஞ்சு வந்தா ஓரத்துல நசுங்கிக் கெடப்போம், ஆளு இருக்கானா இல்லையான்னே அதுக்குத் தெரியாது. இப்பப் புரியுதா நான் ஏன் முதுகை ஒடிச்சுக்கிறேன்னு?"

எனக்குத் தெரிந்த இயற்பியல் வாத்தியார் ஒருவரிடம் கேட்டேன். ஒளி விலகல் என்று சொல்லிப் படம் வரைந்து காட்டினார். படத்திலும் ஒரு தட்டு இருந்தது. பேனாவையும் கடிகாரத்தையும் கழற்றி வைப்பது பளபளப்புக்காக. செருப்பை வாசலிலேயே விடுவது இன்னொரு காரணத்துக்காக. மீனின் செவுளில் இருந்து வால் வரைக்கும் விலாவில் ஊசியால் குத்தியதுபோல் புள்ளி புள்ளியாக ஒரு கோடு ஓடும். தண்ணீரில் வரும் சிறு அதிர்ச்சியும் அந்தக் கோட்டில்தான் அதற்குத் தெரியும். "நீங்க தரையில கால வச்சா தரை தொட்டிக்குச் சொல்லும், தொட்டி தண்ணிக்குச் சொல்லும், தண்ணி கோட்டுக்கிட்ட வத்தி வச்சிரும்" என்பார்.

இதுவரைக்கும் எல்லாம் சரிதான். இதற்கு மேலேதான் ஐயா வியாபாரத்துக்கு வருவார். "ஒருத்தன் கெட்ட எண்ணத்தோட நடந்து வந்தா அவன் காலடி வேற மாதிரி அதிருமா அதிராதா? உருவம் கண்ணுல தெரியும், மனசு கோட்டுல தெரியும். ஆளைப் பாத்து மீன் ஒளிஞ்சுச்சுன்னா ஆளு சரியில்லன்னு அர்த்தம், அண்ணாச்சி." இந்த ஒரு வாக்கியத்தை அவர் எத்தனை முதலாளிகளிடம் சொல்லியிருப்பார் என்று கணக்கில்லை. எல்லாரும் தலையாட்டிக் கேட்டுக்கொண்டார்கள். ஒருவர் மட்டும் அதைச் சட்டமாகவே ஆக்கிவிட்டார்.

அவர் பெயர் நவநீதகிருஷ்ணன், எங்களுக்கெல்லாம் அண்ணாச்சி. திருத்தங்கலுக்கு வெளியே பட்டாசுக் கம்பெனி. நல்ல மனிதர்தான், தீபாவளிக்குத் தன் கையாலேயே இனிப்பு எடுத்துக் கொடுப்பார். அவருடைய மேஜைக்குப் பின்னால், சுவரை ஒட்டி ஒரு பெரிய தொட்டி. அதற்குள் ராஜா. சிவப்பும் ரோஸும் கலந்த உடம்பு, விலாவில் கருப்புக் கிறுக்கல்கள். அந்தக் கிறுக்கலில் 'ஸ்ரீ' என்று எழுதியிருப்பதாக அண்ணாச்சி சொல்வார். நானும் பல கோணத்தில் பார்த்துவிட்டேன், புரூப்பில் அடித்துத் திருத்திய வரி மாதிரித்தான் எனக்குத் தெரிந்தது. எதற்கு வம்பு என்று "ஆமா அண்ணாச்சி, சுழிகூட இருக்கு" என்றேன்.

அந்தக் கம்பெனியில் மேனேஜர் என்று ஒருவர் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தாலும் முடிவெடுப்பது ராஜாதான். வெளியூர் வியாபாரி ஆர்டர் கொடுக்க வந்தால் தொட்டிக்கு எதிர் நாற்காலியில் உட்காரவைப்பார்கள். ராஜா அந்தப் பக்கம் நீந்தி வந்தால் லோடு கிளம்பும். அண்ணாச்சியின் மகள் சுகிர்தாவுக்கு வரன் பார்த்தபோது மாப்பிள்ளையின் போட்டோவைத் தொட்டிக் கண்ணாடியில் ஒட்டினார்கள். ராஜா பாய்ந்து வந்து கண்ணாடியைக் கொத்தியது. பிரியம் என்று முடிவு செய்து நிச்சயதார்த்தத்துக்கு நாள் குறித்தார்கள். அடுத்த வாரம் ஒரு வியாபாரியின் விரலைப் பார்த்து அதேபோலக் கொத்தியபோது கோபம் என்று முடிவு செய்து ஆர்டரைத் திருப்பி அனுப்பினார்கள். மாப்பிள்ளை பிழைத்தது அவர் அதிர்ஷ்டம்.

இப்படிப்பட்ட அறைக்குள் தினமும் சாயங்காலம் நாலு மணிக்கு ஒரு பெண் போகவேண்டியிருந்தது. அவள் பெயர் செல்வலட்சுமி. அவளுடைய வீட்டில் எல்லாரும் வெடிமருந்து அடைக்கும் பட்டாசு ரூமில் வேலை பார்த்தவர்கள். அம்மா கருப்பம்மாளுக்கு நகக்கண்ணில் ஏறிய அலுமினியப் பவுடர் எத்தனை தேய்த்தும் போகாது. செல்வலட்சுமி பிளஸ் டூ முடித்து, கம்ப்யூட்டரில் டைப் அடிக்கவும் கற்றுக்கொண்டு, முன்னறையில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அந்தக் குடும்பத்தில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து வேலை பார்த்த முதல் ஆள் அவள்தான். கருப்பம்மாள் அந்த நாற்காலியைப் பற்றித் தெருக்குழாயடியில் பேசிப் பேசியே இரண்டு பேரைப் பகைத்துக்கொண்டாள் என்று கேள்வி.

நாலு மணி வேலை இதுதான். அன்றைய உற்பத்தியில் இருந்து போர்மேன் மாரிசாமி எடுத்துத் தரும் சாம்பிள்களை ஒரு சிவப்பு அட்டைப் பெட்டியில் வைத்து முதலாளியிடம் காட்டவேண்டும். அவர் ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்துத் தலையசைத்ததும், பின்கதவு வழியாகக் கொண்டுபோய் மாரிசாமியிடம் கொடுக்கவேண்டும். சுவருக்குப் பின்னால் இருக்கும் செம்மண் பொட்டலில் மாரிசாமி அவற்றை வெடித்துப் பார்ப்பார். வேறு நேரத்தில் அவளுக்கு அந்த அறைக்குள் ஜோலி கிடையாது.

ஒருநாள் அண்ணாச்சி கவனித்தார். அவள் உள்ளே வந்ததும் ராஜா சடாரென்று திரும்பி, தொட்டியின் மூலையில் கிடக்கும் மண்சட்டிக்குள் போய் ஒளிந்துகொண்டது. மறுநாளும் ஒளிந்தது. அதற்கு அடுத்த நாள், ஒரு வியாபாரி பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒளிந்தது. அண்ணாச்சியின் முகம் வாடிவிட்டது. ஆயுத பூசை கழிந்ததும் அந்தப் பிள்ளையும் தன் வீட்டு ஆட்களைப்போல பட்டாசு ரூமுக்கே வேலைக்குப் போகட்டும் என்று சொல்லிவிட்டார். சொன்ன கையோடு, எதற்கும் ஒரு வார்த்தை கேட்டுவிடுவோம் என்று சீனிவாசகத்துக்குப் போன் போட்டார்.

நான் அன்றைக்கு அங்கே இருந்தது தற்செயல். கம்பெனி தன் வியாபாரிகளுக்குக் கொடுக்கும் அடுத்த வருஷக் காலண்டருக்குப் புரூப் கொண்டுபோயிருந்தேன். லட்சுமி படத்துக்குக் கீழே ராஜாவின் படம் போட்டிருந்தோம். நெற்றி இன்னும் கொஞ்சம் எடுப்பாகத் தெரியவேண்டும் என்று அண்ணாச்சி சொல்லிக்கொண்டிருக்கும்போது, சீனிவாசகம் செருப்பைக் கழற்றிவிட்டு முக்காட்டோடு உள்ளே பதுங்கி வந்தார்.

பரிசோதனை ஆரம்பமாயிற்று. செல்வலட்சுமியை முன்னறையில் இருந்து உள்ளே நடந்து வரச் சொன்னார். தலையில் பூ வைத்துக்கொண்டு வரச் சொன்னார். பூவை எடுத்துவிட்டு வரச் சொன்னார். வளையலைக் கழற்றச் சொன்னார். முகப்பவுடர் என்ன கம்பெனி என்று கேட்டார். பின்பக்கமாக நடந்து வரச் சொன்னார். அவளும் பாவம், அழுகையை அடக்கிக்கொண்டு பின்பக்கமாக நடந்து வந்தாள்.

"அண்ணே, நான் அந்த மீனை ஒண்ணுஞ் செஞ்சதில்ல. ஞாயித்துக்கிளம எங்க வீட்ல அயிர மீன் கொளம்பு வச்சாக. அதுவா இருக்குமோ?"

"அயிர மீனுக்கும் இதுக்கும் சொந்தபந்தம் கெடயாது, தாயி. நீ நட."

இத்தனைக்கும் ராஜா ஒளியவே இல்லை. கண்ணாடியோரம் வந்து அவளோடு கூடவே இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நீந்திற்று. "பாத்தீகளா அண்ணாச்சி, நல்லாத்தான இருக்கு?" என்றார் சீனிவாசகம். அண்ணாச்சி ஒப்பவில்லை. "நீங்க இருக்கீகன்னு அடக்கமா இருக்கு. ராஜாவுக்கு மருவாதி தெரியும். நாலு மணிக்குப் பாருங்க" என்றார்.

சரி, நாலு மணி வரைக்கும் கண்ணாடியையாவது தேய்ப்போம் என்று சீனிவாசகம் ஸ்பாஞ்சை எடுத்துக்கொண்டு வலது கையைத் தோள்வரைக்கும் தண்ணீருக்குள் விட்டார். அவர் தேய்த்துக்கொண்டிருக்கும்போதே செல்வலட்சுமி சிவப்புப் பெட்டியோடு வந்தாள். அவ்வளவுதான். ராஜா ஒரு வாலடி அடித்தது. அண்ணாச்சியின் மேஜை நனைந்தது. மீன் மண்சட்டிக்குள் போய்விட்டது. "பாத்தீகளா? பாத்தீகளா?" என்று அண்ணாச்சி எழுந்தே நின்றுவிட்டார். அவர் சாம்பிளைப் பார்த்துத் தலையசைத்தார். அவள் தலையைக் குனிந்துகொண்டு பின்கதவு வழியாகப் போனாள். பொட்டலில் மாரிசாமி முதல் சாம்பிளை வெடித்தார்.

சீனிவாசகம் "ஆத்தே!" என்று கையை வெளியே இழுத்தார். முழங்கை ரோமமெல்லாம் எழுந்து நின்றது. மறுபடியும் கையை உள்ளே விட்டார். அடுத்த வெடி வெடித்தது. அவர் தோள்வரைக்கும் நடுங்கியது எனக்கே தெரிந்தது. சட்டிக்குள் ராஜாவின் உடம்பும் அப்படியே குலுங்கியது.

"அண்ணாச்சி, இப்ப என்ன சத்தம்?"

"எந்தச் சத்தம்?"

"இப்பக் கேட்டுச்சே, அது."

அண்ணாச்சி முன்னறைப் பக்கம் திரும்பி, "ஏலே முத்துப்பாண்டி, ஏதும் சத்தம் கேட்டுச்சா?" என்றார். கணக்கெழுதும் முத்துப்பாண்டி அங்கிருந்தே, "இல்ல மொதலாளி, போன் ஒண்ணும் வரல" என்றார்.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்கும் கேட்கவில்லை. காது நன்றாகத்தான் இருக்கிறது. எங்கள் பக்கத்தில் வெடியைச் சத்தத்தில் சேர்ப்பதில்லை. திரி எரிந்து வெடிக்காமல் போனால்தான் தலையைத் தூக்கிப் பார்ப்போம். பூ, வளையல், பவுடர், அயிரை மீன் குழம்பு என்று அத்தனையையும் ஆராய்ந்த சீனிவாசகத்துக்கும், தண்ணீருக்குள் கை இருந்ததால்தான் அது உறைத்தது. தினமும் சிவப்புப் பெட்டி உள்ளே வரும். கொஞ்ச நேரத்தில் தண்ணீர் வந்து விலாவில் குத்தும். மீன் பெட்டியை அடையாளம் வைத்துக்கொண்டது. யாராக இருந்தாலும் வைத்துக்கொள்ளும்.

கை கழுவுகிற சாக்கில் என்னை வெளியே குழாயடிக்குக் கூட்டிக்கொண்டு வந்தார். மூக்குக் கண்ணாடி இல்லாமல் அவர் முகம் பச்சைப்பிள்ளை மாதிரி இருந்தது.

"சார், மனசு தெரியும்னு நான்தான சொல்லி வச்சேன்? இப்பப் போயி, இல்ல அண்ணாச்சி, அதுக்குப் பெட்டிதான் தெரியும்னு சொன்னா, அப்புறம் எந்தக் கம்பெனியில என்னை உள்ள விடுவாக? வாசல்லயே வாளியப் பிடுங்கிக் கவுத்திருவாக."

"சொல்லாவிட்டால்?"

அவர் குழாயை மூடிவிட்டுத் திரும்பினார். ஜன்னல் வழியாக முன்னறை தெரிந்தது. செல்வலட்சுமி கழற்றிய வளையல்களை ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டிருந்தாள். நாற்காலியில் உட்காராமல், அதன் முதுகில் ஒரு கையை வைத்துக்கொண்டு நின்றிருந்தாள்.

"சொல்லாட்டி அந்தப் பிள்ள பொளப்புப் போச்சு. நல்லா மாட்டிக்கிட்டேன் சார், என் வாயாலேயே" என்றார். துண்டால் முகத்தைத் துடைத்தார். எப்போதும் முக்காடாகப் போடுகிற துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, முதன்முறையாக நிமிர்ந்து நடந்து அந்த அறைக்குள் போனார்.

"அண்ணாச்சி, ராஜா சட்டிய விட்டு வெளிய வரட்டும். வந்ததும் அந்தப் பெட்டிய நீங்க எடுத்துக்கிட்டு வாங்க."

"நான் எதுக்கு? என்னைக் கண்டா அது ஆடுமே!"

"அதுக்குத்தான் சொல்றேன்."

டீ வந்தது. குடித்து முடிப்பதற்குள் ராஜா வெளியே வந்து நீந்த ஆரம்பித்துவிட்டது. அண்ணாச்சி முன்னறைக்குப் போய், காலியாகத் திரும்பி வந்திருந்த சிவப்புப் பெட்டியை வாங்கிக்கொண்டு, கல்யாண வீட்டுக்குச் சீர் கொண்டுபோகிறவர்போல நெஞ்சுக்கு நேரே பிடித்தபடி உள்ளே வந்தார். தெரிந்த முகத்தைக் கண்டதும் ராஜா கண்ணாடிக்கு ஓடிவந்தது. நெற்றி வீக்கம் கண்ணாடியில் இடித்தது. அண்ணாச்சியின் முகம் மலர்ந்தது. இன்னும் இரண்டு எட்டு வைத்தார். பெட்டி தெரிந்தது. ராஜா சடாரென்று திரும்பி அடித்த அடியில் அண்ணாச்சியின் சட்டை நனைந்தது. மீன் சட்டிக்குள்.

"ராஜா" என்றார் அண்ணாச்சி. கண்ணாடியில் விரலை வைத்து, "ஏலே, நான்தாம்லே" என்றார். மீன் வரவில்லை. முத்துப்பாண்டி எதையோ மும்முரமாகத் தேடுகிறவர்போல மேஜைக்கு அடியில் தலையை விட்டுக்கொண்டார். மேனேஜர் கூரையைப் பார்த்தார். செல்வலட்சுமி வாயைப் பொத்திக்கொண்டாள். ஆளைப் பார்த்து மீன் ஒளிந்தால் ஆள் சரியில்லை என்கிற சட்டம் அந்த ஆபீசில் எல்லாருக்கும் மனப்பாடம்.

"அது உங்களைப் பாத்து ஒளியல அண்ணாச்சி" என்றார் சீனிவாசகம். "இந்தப் பிள்ளயப் பாத்தும் ஒளியல. பெட்டியப் பாத்து ஒளியுது. பெட்டி வந்தா வெடி வரும்னு அதுக்குத் தெரிஞ்சுபோச்சு. நமக்குத்தான் அது காதுல விழல."

"அப்ப மனசு தெரியும்னீகளே?"

சீனிவாசகம் வாளியை ஒருமுறை பார்த்தார்.

"தெரியாது அண்ணாச்சி. தட்டு அளவுக்கு வானம் தெரியும். அதுக்குள்ள யாரு வந்தா என்ன நடக்கும்னு தெரியும். மனசெல்லாம் நானாச் சொன்னது."

முடிந்தது கதை என்று நினைத்தேன். புரூப்பைச் சுருட்டிக்கொண்டு எழுந்திருக்கவும் தயாரானேன். அண்ணாச்சி குனிந்து சட்டிக்குள் எட்டிப் பார்த்தார். மகள் கல்யாணம், வியாபாரிகள், லோடு என்று என்னென்ன அவர் கண்முன் வந்து போயிற்றோ தெரியாது. பிறகு பெட்டியை மேஜைமேல் வைத்துவிட்டுக் கேட்டார்.

"இதுக்கு எம்புட்டு வயசு இருக்கும்?"

"ரெண்டு, ரெண்டரை இருக்கும்."

"வயசாயிருச்சு. கண்ணு சரியில்ல. இதை எடுத்துட்டுப் போயி வேற ஒண்ணு கொண்டாங்க. நல்லாக் கண்ணு தெரியுறதாப் பாருங்க. மனசு தெரியாதுன்னு இதைப் பத்தி மட்டும்தான சொல்றீக?"

சீனிவாசகம் வாயைத் திறந்தார். தொட்டி மீன்போலவே ஒரு வார்த்தையும் வராமல் மூடினார். அண்ணாச்சி முன்னறைப் பக்கம் குரல் கொடுத்தார். "ஏ பிள்ள, நீ இங்கனயே இரு. கண்ணு தெரியாத மீன் சொல்லுச்சுன்னு ஆளை மாத்துவாகளா?" என்னிடம் திரும்பி, "காலண்டர்ல அந்தப் படத்தை எடுத்துருங்க. புதுசு வந்ததும் போட்டுக்கிருவோம்" என்றார். உண்மையைச் சொன்ன ஆளும் பிழைத்தார், குற்றம் சொல்லப்பட்ட பெண்ணும் பிழைத்தாள். உண்மையை மட்டும் யாரும் வாங்கிக்கொள்ளவில்லை.

செல்வலட்சுமி நாற்காலியில் உட்கார்ந்தாள். உட்கார்ந்ததும் அழுதாள்.

அதற்குள் சீனிவாசகத்துக்குப் பழைய தைரியம் திரும்பிவிட்டது. புது மீன் வந்தால் தொட்டி இந்தச் சுவரோரம் இருக்கக்கூடாது, பொட்டலுக்குத் தூரமாக ஈசானிய மூலைக்குப் போகவேண்டும் என்றார். அடியில் நாலு விரற்கடைக்குத் தெர்மாகோல் பரப்பவேண்டும், அது ஐஸ்வரியம் என்றார். சாம்பிள் பெட்டி மஞ்சள் துணி போட்டு மூடித்தான் உள்ளே வரவேண்டும், திறந்த பெட்டிக்குத் திருஷ்டி உண்டு என்றார். அண்ணாச்சி ஒவ்வொன்றுக்கும் பயபக்தியோடு தலையாட்டினார். தெர்மாகோலின் மகிமை எந்தச் சாஸ்திரத்தில் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. அதை அந்த இடத்தில் கேட்க நான் என்ன பைத்தியக்காரனா?

ராஜாவை வலையில் எடுத்து வாளிக்குள் விட்டு, டி.வி.எஸ். ஃபிப்டியின் முன்னால் இரண்டு முழங்காலுக்கும் நடுவில் வைத்துக்கொண்டு கிளம்பினார். செல்வலட்சுமி கம்பெனி வாசல் வரைக்கும் கூடவே வந்தாள். வாளிக்குப் பக்கத்தில், அவர் செய்வதுபோலவே முதுகை வளைத்து ஓரமாகக் குனிந்து எட்டிப் பார்த்தாள். "எங்கண்ணே கொண்டுபோறீக?" என்றாள். "எங்க வீட்டுக்குத்தான். எங்க வீட்ல எவனும் ஒளிஞ்சா கோவிச்சுக்கிற மாட்டான்" என்றார்.

அவர் மிதித்து வண்டியைக் கிளப்பிய நேரத்தில் பக்கத்துக் கம்பெனியில் சாம்பிள் வெடித்தார்கள். வாட்ச்மேன் பீடி பற்றவைத்துக்கொண்டிருந்தார், தீக்குச்சிகூட ஆடவில்லை. எனக்கு அன்றைக்குத்தான் முதல்முறையாக அந்தச் சத்தம் காதில் விழுந்தது. சீனிவாசகம் இஞ்சினை அணைத்தார். வாளி மூடியைத் திறந்து, சட்டைக் கையை மடித்துவிடக்கூட நேரமில்லாமல் கையை முழங்கைவரை தண்ணீருக்குள் விட்டார். உள்ளங்கையை மீனின் விலாவை ஒட்டி வைத்துக்கொண்டு, அடுத்த வெடிக்காகக் காத்து நின்றார்.